புஷ்பக் விண்வெளிக்குப் போய் வந்ததா?

கல்லடிப் பக்கத்து வட்ஸ்அப் குழுக்களில் ஒரு வீடியோ சுற்றுகிறது: "இந்தியாவின் புஷ்பக் விண்வெளிக்குப் போய்விட்டு ஓடுபாதையில் இறங்குகிறது." புஷ்பக் என்பது திரும்பத் திரும்பப் பயன்படுத்துவதற்காக இந்திய விண்வெளி நிறுவனமான இஸ்ரோ சோதித்துப் பார்க்கும் சிறகுள்ள கலம். இறங்கியது உண்மை, போனது பொய்.

சினூக் ஹெலிகொப்டர் அதைத் தூக்கிப் போய், கர்நாடகத்தின் சித்ரதுர்காவில் 4.5 கிலோமீற்றர் உயரத்தில் கழற்றிவிட்டது. 2023 ஏப்ரல், 2024 மார்ச், ஜூன் என மூன்று தடவையும் இதே கதைதான். கடைசித் தடவை ஓடுபாதைக்கு 500 மீற்றர் பக்கவாட்டில் விட்டார்கள். தானாகவே வழிபிடித்து வந்து, மணிக்கு 320 கிலோமீற்றருக்கு மேலான வேகத்தில் தரை தொட்டது; பின்னால் பரசூட் விரிந்ததும் வேகம் 100 ஆகக் குறைந்தது. கெட்டிக்காரத்தனம்தான், சரி. ஆனால் விண்வெளி இல்லை.

ரொக்கெட்டில் ஏறியது இதன் முன்னோடி, 2016 மே 23இல். அதுவும் 65 கிலோமீற்றர்தான். விண்வெளி எல்லை 100 என்பார்கள். இறங்கியது வங்காள விரிகுடாவில். நம்மட கடல்தான், ஆனால் ரொக்கெட்டை ஏவிய ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து சுமார் 450 கிலோமீற்றர் தள்ளி.