ஹெர்ஷோல்ட் ஒரு விருதின் பெயர் மட்டுமல்ல

சனிக்கிழமை நம் அரங்கில் 'கிரீட்' என்ற மௌனப் படத்தைத் திரையிட்ட பிறகு நடந்ததை வந்திருந்த எல்லோரும் பார்த்தீர்கள். அதை மறுபடி விவரிக்கப் போவதில்லை. அந்தப் படத்தில் மார்கஸாக நடித்தவர் யார் என்று ஒரு மாணவி கேட்டார். "அவர் பெயரில் ஆஸ்கரில் ஒரு சேவை விருது தருகிறார்கள், நல்ல மனிதர், நடிகராகப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை" என்று மேடையிலிருந்து பதில் வந்தது. அந்தக் கடைசி மூன்று சொற்களுக்காகத்தான் இந்தப் பதிவு. நான் எழுந்து மறுத்தபோது அரங்கில் எழுந்த சிரிப்பையும் மறக்கவில்லை.

மார்கஸாக நடித்த ஜீன் ஹெர்ஷோல்ட் 1886-இல் கோபன்ஹேகனில் பிறந்து, டென்மார்க்கிலேயே நடிக்கத் தொடங்கி, 1910-களில் அமெரிக்கா சென்றவர். 1924-இல் 'கிரீட்' வெளிவந்தபோது அவர் புதுமுகம் அல்லர். சனிக்கிழமை நாற்பது நிமிட அறிமுக உரையில் படத்தின் இயக்குநர் ஸ்ட்ரோஹைமின் பிடிவாதம் பற்றிக் கேட்டோம், எட்டு மணி நேரத்துக்கும் மேல் ஓடிய படத்தை நிறுவனம் எப்படி வெட்டிக் குறைத்தது என்று கேட்டோம், அழிந்துபோன ரீல்களுக்காக வருந்தினோம். வெட்டுப்படாமல் எஞ்சிய படத்தில் கண்ணெதிரே நடித்துக்கொண்டிருந்தவரைப் பற்றி ஒரு வாக்கியம்கூட இல்லை.

மார்கஸ் தன் உறவுக்காரப் பெண்ணை நண்பனுக்காகப் பெருந்தன்மையோடு விட்டுக்கொடுக்கிறான். அவளுக்கு லாட்டரியில் 5,000 டாலர் விழுந்ததும், தான் இழந்தது அந்தப் பணத்தைத்தான் என்ற எண்ணம் அவனை அரிக்கிறது. அந்த மாற்றத்தை வசனமே இல்லாத ஒரு மௌனப் படத்தில் முகத்தாலும் தோளாலும் காட்டியவர் ஹெர்ஷோல்ட். பாலைவனத்தில் அவன் சாகும்போது நண்பனின் கையைத் தன் கையோடு விலங்கிட்டுவிட்டுச் சாகிறானே, அந்தக் காட்சியை டெத் வேலியின் கொடும் வெயிலில் உண்மையாகவே எடுத்தார்கள். படப்பிடிப்பு முடிந்து ஹெர்ஷோல்ட் மருத்துவமனையில் சேர்க்கப்பட வேண்டியிருந்தது. இயக்குநரின் பிடிவாதத்துக்குச் சான்றாக இந்தச் செய்தியை எல்லோரும் சொல்கிறார்கள். அந்த வெயிலில் நின்ற உடம்பு யாருடையது என்று யாரும் கேட்பதில்லை.

1922-இல் நடிகை மேரி பிக்ஃபோர்டுக்கு எதிரே கொடிய வில்லனாக வந்தவர், 1927-இல் இயக்குநர் லூபிட்ஷின் படத்தில் இளவரசனிடம் அன்பு பாராட்டும் முதிய ஆசிரியராக வருகிறார். அப்போது அவருக்கு வயது நாற்பத்தொன்றுதான். இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரே ஆள் என்று நம்புவது கடினம். குணச்சித்திர நடிகரின் தொழில் இதுதான். தன் முகத்தை மறக்கச் செய்வதில் அவர் வெற்றி பெற்றார் என்பதற்காக அவரையே மறந்துவிடலாமா?

இங்கே என் சொந்தக் கதை ஒன்றைச் சொல்ல வேண்டியிருக்கிறது. என் மகள் பிறந்த இரவில் நான் வேலை செய்த இடத்தில் விடுப்பு தரவில்லை. மாற்றாள் வராததால் மேசையை விட்டு நகர முடியவில்லை. மனைவி பிரசவ அறையில் இருக்க, நான் தொலைபேசியையே பார்த்துக்கொண்டு அந்நியர்களுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தேன். சில ஆண்டுகள் கழித்துத்தான் 'கிராண்ட் ஹோட்டல்' பார்த்தேன். 1932-இல் வந்த அந்தப் படத்தில் கார்போ, பேரிமோர் சகோதரர்கள் இருவர், ஜோன் கிராஃபோர்ட், வாலஸ் பீரி என்று ஐந்து பெரிய நட்சத்திரங்கள் உண்டு. ஹெர்ஷோல்டுக்கோ ஹோட்டல் போர்ட்டர் வேடம். மனைவி பிரசவ வேதனையில் இருக்கிறாள், அவனால் பணியிடத்தை விட்டுப் போக முடியவில்லை. நட்சத்திரங்களின் காதலுக்கும் கொலைக்கும் நடுவே அவன் தொலைபேசிச் செய்திக்காகக் காத்திருக்கிறான். மொத்தமாகச் சேர்த்தால் சில நிமிடங்களே வரும் வேடம். அன்று நான் அழுதது கார்போவுக்காக அல்ல. "பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை" என்று கேட்டபோது எனக்கு ஏன் அவ்வளவு வலித்தது என்பது இப்போது புரிந்திருக்கும்.

"அவர் செய்த சேவை நடிப்பை விட உயர்ந்தது, அதைச் சொன்னால் என்ன தவறு?" என்று கேட்பீர்கள். சேவையை நான் குறைக்கவில்லை. நலிந்த திரைத் தொழிலாளர்களுக்கான உதவி நிதிக்குப் பல ஆண்டுகள் தலைமை தாங்கினார். நட்சத்திரங்கள் வானொலியில் ஊதியம் பெறாமல் நடித்து அந்தத் தொகையை நிதிக்கு அளித்தார்கள். 1942-இல் அந்த நிதியின் சார்பில் லாஸ் ஏஞ்சலஸின் உட்லண்ட் ஹில்ஸில் முதிய திரைத் தொழிலாளர்களுக்கான இல்லம் திறக்கப்பட்டது. டென்மார்க்கின் குழந்தைக் கதை எழுத்தாளர் ஆண்டர்சனின் கதைகள் அனைத்தையும் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து 1949-இல் வெளியிட்டார். ஆனால் படத்தின் ஓரத்தில் நின்றே பிழைத்தவர் என்பதால்தான், ஓரத்தில் நிற்பவர்கள் முதுமையில் என்ன ஆவார்கள் என்று அவருக்குத் தெரிந்திருந்தது என நான் நம்புகிறேன். நடிகரைத் தள்ளிவிட்டு நல்ல மனிதரை மட்டும் வைத்துக்கொள்ள முடியாது.

"பிற்காலத்தில் எல்லாம் அன்பான டாக்டர், அன்பான தாத்தா, ஒரே சர்க்கரைப் பாகு" என்பார்கள். அதில் ஓரளவு உண்மை உண்டு. 1936-இல் 'தி கண்ட்ரி டாக்டர்', மறு ஆண்டு 'ஹைடி', பிறகு வானொலியில் 1937 முதல் 1954 வரை 'டாக்டர் கிறிஸ்டியன்' தொடர். இவற்றில் பலவீனமானவை உண்டு, போகட்டும். 'ஹைடி'யில் அவர் நடித்த அந்தத் தாத்தா முதலில் எவ்வளவு முரடராக இருக்கிறார் என்பதைக் கவனித்துவிட்டு வந்து பேசுங்கள்.

நடிப்புக்காக அவர் ஒருமுறைகூட ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்படவில்லை. ஆஸ்கரை வழங்கும் அகாடமிக்கே 1945 முதல் நான்கு ஆண்டுகள் தலைவராக இருந்தவர்; 1956-இல் அவர் இறந்தபின் அவர் பெயரில் விருது ஏற்படுத்தினார்கள்; ஆட்ரி ஹெப்பர்ன், பால் நியூமன் என்று நாம் கொண்டாடும் எத்தனையோ பேர் அதைப் பெற்றார்கள். அந்த விருது தரப்படும்போதெல்லாம் அந்தப் பெயரை உச்சரிக்கிறவர்களில் எத்தனை பேர் அந்த முகத்தைப் பார்த்திருப்பார்கள்?

"ஒரு வெளிநாட்டு நடிகருக்காக நண்பர்களோடு சண்டையா" என்று நேற்று ஒருவர் தனிச்செய்தி அனுப்பியிருந்தார். பன்னிரண்டு ஆண்டுகளாக அந்த அரங்கில் நாற்காலி போட்டு, திரை கட்டி, கடைசி ஆளாகக் கதவைப் பூட்டிக்கொண்டு வருகிறவன் நான். ஒரு நடிகருக்காக இரண்டு நிமிடம் பேச எனக்கு உரிமை இல்லையா?

அந்த மாணவிக்கு 'கிராண்ட் ஹோட்டல்' பற்றி எழுதி அனுப்பிவிட்டேன். அடுத்த மாதம் அதைத் திரையிடலாம், அறிமுக உரையை நான் தருகிறேன் என்று பொறுப்பாளர்களிடமும் கேட்டிருக்கிறேன். இதுவரை பதில் வரவில்லை.