‘டி’ என்றால் வலம் என்று பொருளல்ல

சர்க்கரையின் பெயருக்கு முன்னால் பெரிய எழுத்தில் ‘டி’ (D) இருந்தால், அது தளமுனைவுற்ற ஒளியை (ஒரே தளத்தில் மட்டும் அதிரும் ஒளியை) வலப்புறம் திருப்பும் என்று சொல்லப்படுவதுண்டு. குளுக்கோஸுக்கு இது தற்செயலாகப் பொருந்துகிறது. பழச்சர்க்கரையான டி-பிரக்டோஸுக்குப் பொருந்தாது, அதன் நியமச் சுழற்சி (ஒளியைத் திருப்பும் அளவு) ஏறத்தாழ −92 பாகை, அதாவது இடப்புறம். அதன் பழைய பெயரே லெவுலோஸ். லத்தீனில் ‘லீவஸ்’ என்றால் இடது.

‘டி’ சொல்வது மூலக்கூறில் அணுக்கள் நிற்கும் அமைப்பை மட்டும்தான். மூலக்கூறைத் தாளில் தட்டையாகக் காட்டும் பிஷர் வரைபடத்தில், கார்போனைல் (C=O) தொகுதி மேற்பக்கம் வரும்படி பிரக்டோஸை வரைந்து 5ஆம் கார்பனைப் பாருங்கள். ஹைட்ராக்சில் (OH) தொகுதி வலப்பக்கம் நிற்கும், அதனால் ‘டி’. சுழற்சியைக் காட்டுவது கூட்டல், கழித்தல் குறிகள். ஆய்வகப் பாட்டிலின் லேபிளில் ‘டி-(−)-பிரக்டோஸ்’ என்று இரண்டும் பக்கத்திலேயே அச்சாகியிருப்பதைக் காணலாம். பழைய நூல்களில் சிறிய எழுத்து ‘டி’ (d) வலச்சுழற்சியைக் குறித்தது. குழப்பம் அங்கிருந்து வந்திருக்கலாம்.