முட்டத்துக்கும் மாத்தூருக்கும் நடுவில் இருப்பது ஒரு வெட்டு

கன்னியாகுமரி மாவட்டத்தில் முட்டம் பாறையிலிருந்து மாத்தூர் தொட்டிப்பாலத்துக்கு நடந்தே போய்விடலாம், சினிமாப் பாட்டு ஒன்றில் நாயகி ஒரே ஓட்டமாக ஓடுகிறாரே என்று ஒருவர் இணையத்தில் எழுதியிருக்கிறார். பலர் அதைப் பகிரவும் செய்கிறார்கள். நண்பர் கோபப்பட வேண்டாம், அது படத்தொகுப்பாளரின் வேலை.

முட்டம் கடலோரம். தொட்டிப்பாலம் திருவட்டாறு பக்கம், பறளியாற்றுக்கு மேலே. நேர்கோட்டில் பார்த்தாலே 20 கிலோமீட்டருக்கு மேல் வரும், சாலையில் இன்னும் கூடும். வெயிலில் நடந்து பார்க்க யாரும் கிளம்பிவிடாதீர்கள்!

பாறையில் நாயகி திரும்பத் தொடங்கும்போது ஷாட்டை வெட்டி, பாலத்தில் அதே திரும்பல் முடிகிற ஷாட்டை ஒட்டியிருக்கிறார்கள். அசைவு தொடர்வதால் கண் இடம் மாறியதைக் கவனிப்பதில்லை. ஓடும் திசையும் இரண்டிலும் ஒன்றாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் ஒட்டு தெரிந்துவிடும். 1920-களிலேயே ரஷ்யாவில் லெவ் குலெஷோவ் என்ற திரைப்பட இயக்குநர் வெவ்வேறு இடங்களில் எடுத்த ஷாட்டுகளை இணைத்து ஒரே இடம்போலக் காட்டியிருக்கிறார்.

சந்தேகம் இருந்தால் கூகுள் மேப்பில் இரண்டு பெயரையும் போட்டுப் பாருங்கள். அப்புறம், கம்ப்யூட்டரில் யூடியூபை நிறுத்திவைத்து முற்றுப்புள்ளி விசையைத் தட்டினால் காட்சி ஃபிரேம் ஃபிரேமாக நகரும். அந்த வெட்டு வரும் இடத்தில் நிழல் விழும் பக்கத்தையும் தலைமுடி பறக்கும் விதத்தையும் கவனியுங்கள், இடம் மாறியது அதில் தெரியலாம்.