சிவப்பு வெயிலில் சார்ஜ் ஏறாது

(மொட்டை மாடி. சோலார் பேனலுக்கு ஸ்டாண்டு பொருத்திக்கொண்டிருக்கிறார் மெக்கானிக் முருகேசன். தண்ணீர்த் தொட்டி நிழலில் உட்கார்ந்து படித்துக்கொண்டிருக்கிறார் வீட்டுக்காரர் சபாபதி. வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். காமிக்ஸிலிருந்து இன்னும் பெறவில்லை.)

முருகேசன்: சார், அந்த ஸ்பேனரைக் கொஞ்சம்... அட, சூப்பர்மேனா! இந்த வயதிலுமா?

சபாபதி: உன் தொழிலுக்கும் இவருக்கும் சம்பந்தம் இருக்கிறது தம்பி. ஆள் ஓடுவதே சோலாரில்தான். நம் மஞ்சள் சூரியன்தான் அவருக்குப் பலம்.

முருகேசன்: எத்தனை கிலோவாட் சார்?

சபாபதி: அதெல்லாம் போடவில்லை. அவர் பிறந்த கிரிப்டன் கிரகத்துக்குச் சிவப்புச் சூரியன். பெயர் ராவ்.

முருகேசன்: தெலுங்குக்காரரா?

சபாபதி: நட்சத்திரம்ப்பா! கற்பனை நட்சத்திரம். அதன் வெளிச்சத்தில் அவருக்கு ஒரு சக்தியும் கிடையாது. அங்கே எல்லாரையும் போல ஓர் ஆள், அவ்வளவுதான்.

முருகேசன்: புரிகிறது. எங்கள் மச்சான் ஊரில் இருந்தவரை ஒரு ஸ்டூலைக்கூட நகர்த்த மாட்டார். துபாய் போனதும் ஆளே வேறு. லீவுக்கு வந்தால் மறுபடி ஸ்டூல் நகர்வதில்லை.

சபாபதி: அதேதான். எதிரிகளும் அவர் மேல் சிவப்புச் சூரிய வெளிச்சத்தை அடித்துத்தான் மடக்குவார்கள்.

முருகேசன்: ஒரு சந்தேகம். ராத்திரியில் எப்படிப் பறக்கிறார்?

சபாபதி: பகல் வெளிச்சத்தை உடம்பிலுள்ள செல்கள் சேமித்து வைக்கும்.

முருகேசன்: அப்போ ஈ.பி. லைனே இல்லாத ஆஃப்-கிரிட், பேட்டரியோடு. சரி. ஆனால் பகல் முழுக்கக் கிளார்க் கென்ட் என்ற பெயரில் பத்திரிகை ஆபீஸ், கோட்டு, டை. பேனலைத் துணி போட்டு மூடினால் சார்ஜ் எங்கே ஏறும்?

சபாபதி: அதனால்தானே அடிக்கடி சட்டையைப் பிய்த்துக்கொண்டு வெளியே ஓடுகிறார்!

முருகேசன்: உள்ளேயும் முழுக்கை பனியன்தானே சார் போட்டிருக்கிறார்?

(சபாபதி அவசரமாகப் பக்கத்தைப் புரட்டுகிறார்.)

சபாபதி: அதை விடு. ராவைக் கிரிப்டன்காரர்கள் சாமியாகவே கும்பிட்டார்கள், தெரியுமா?

முருகேசன்: கும்பிட்டும் கிரகம் வெடித்துவிட்டதே. என் பையன் சொன்னான்.

சபாபதி: கிரகம்தான் உள்ளுக்குள்ளேயே வெடித்தது. ராவ் மேல் குற்றம் சொல்லக் கூடாது.

முருகேசன்: அப்போ சப்ளை சரி, லோடு பக்கம்தான் ஃபால்ட். எங்களிடமும் இதேதான் சார். மோட்டார் புகைந்தால்கூட முதலில் பேனல்காரனைத்தான் கூப்பிடுவார்கள். இந்தச் சோலார் ஏற்பாடு ஆரம்பத்திலிருந்தே உண்டா?

சபாபதி: கிடையாது. 1938-ல் ஜெர்ரி சீகலும் ஜோ ஷஸ்டரும் அவரைக் கொண்டுவந்தபோது சூரியன் என்ற பேச்சே இல்லை. அந்த கிரகத்து ஆட்களின் உடம்பு வாகே அப்படி என்று முடித்துவிட்டார்கள். பறக்கவும் வராது; ஒரே தாவில் இருநூறு மீட்டர் தாவுவார். மஞ்சள் சூரியக் கணக்கு 1960 வாக்கில்தான் வந்தது.

முருகேசன்: அப்படியென்றால் இருபது வருஷத்துக்கு மேல் கொக்கி போட்டு ஓட்டியிருக்கிறார்!

சபாபதி: இன்னும் கேள். 2012-ல் நீல் டிகிராஸ் டைசன் என்ற வானியலாளர், ராவுக்கு நிஜ வானத்திலேயே ஓர் இடம் பார்த்துக் கொடுத்தார். நிஜமான சிவப்புக் குறுமீன், அதாவது சின்னச் சிவப்பு நட்சத்திரம். எல்.எச்.எஸ். 2520. இங்கிருந்து 27 ஒளியாண்டு என்று கணக்கும் சொன்னார்.

முருகேசன்: ஈ.பி. சர்வீஸ் நம்பர் இல்லையே? எந்தப் பக்கம் இருக்கிறது?

சபாபதி: காக்கை மண்டலம். நம் ஜோசியத்தில் அஸ்தம் என்கிறோமே, அந்தப் பக்கம்.

முருகேசன்: அஸ்தம் என்றால் கன்னி ராசி! அவர் காதலி லோயிஸுக்குப் பொருத்தம் பார்த்தார்களா?

சபாபதி: ஜாதகம் வாங்கியிருந்தால், கண்ணாடி போட்ட கிளார்க்கும் இவரும் ஒரே ஆள் என்று முதல் நாளே தெரிந்திருக்குமே.

முருகேசன்: ராத்திரி மாடிக்கு வந்தால் அந்த நட்சத்திரம் தெரியுமா சார்?

சபாபதி: வெறுங்கண்ணுக்குத் தெரியாது. ரொம்ப மங்கல். தொலைநோக்கி வேண்டும்.

முருகேசன்: கண்ணுக்கே தெரியாத நட்சத்திரம், இல்லவே இல்லாத கிரகம். அதை நம்பிவிட்டீர்கள். பேனலுக்கு 25 வருஷம் வாரண்டி என்று நான் சொன்னால் மட்டும் சீல் குத்தி எழுதிக் கொடு என்கிறீர்கள்!