கோட் வந்தா உடனே செட்டை மாத்தணுமா?

கார்ல பாட்டு செட்டு பாடலைன்னு ஸ்கேனரை மாட்டுறாங்க, ‘பி’யில (B) ஆரம்பிக்கிற ஒரு பழுதுக் கோட் வருது, அடுத்த நிமிஷமே “செட்டு போயிருச்சுண்ணே, மாத்திருவோம்”. மதுரையில காளவாசல்லருந்து ஒத்தக்கடை வரைக்கும் எங்கிட்டுப் போனாலும் இதே பேச்சு. கேட்டாலே பத்திக்கிட்டு வருது.

செட்டு போச்சுன்னு அந்தக் கோட் எங்கய்யா சொல்லுச்சு? ‘முன் இடது ஸ்பீக்கர் சர்க்யூட்’னுதான சொல்லுது! சர்க்யூட்னா செட்டு, கப்ளர் (வயரை இணைக்கிற பிளக்), வயர், ஸ்பீக்கர் எல்லாம் சேர்ந்தது. நிறைய வண்டியில கோட் நம்பருக்குப் பின்னால ரெண்டு இலக்கம் தனியா வரும்: 11னா எர்த்தோட ஷார்ட், 12னா பேட்டரி லைனோட ஷார்ட், 13னா சர்க்யூட் ஓப்பன். வண்டியே விரலை நீட்டிக் காட்டுது. அதைப் படிக்காம அழிச்சுவிடுறது என்ன வேலை?

மல்டிமீட்டரை எடுங்க. செட்டுல ரகசிய நம்பர் (PIN) பூட்டு இருக்கான்னு கேட்டுக்கிட்டு பேட்டரி மைனஸைக் கழட்டுங்க. கப்ளரை உருவி (தனி ஆம்ப்ளிஃபையர், அதாவது ஆம்ப், இருந்தா ஆம்ப் பக்கம்) அந்த ஸ்பீக்கர் வயர் ரெண்டுக்கும் நடுவுல ஓம்ஸ் பாருங்க. 4 ஓம்ஸ் ஸ்பீக்கருக்கு 3.2லருந்து 3.8 பக்கம் காட்டணும். பூஜ்யத்துக்கிட்ட நின்னா ஷார்ட், ‘ஓ.எல்.’னு வந்தா கட். அப்புறம் ஒவ்வொரு வயரையும் பாடியோட வச்சுப் பாருங்க, ‘ஓ.எல்.’னுதான் காட்டணும். இப்போ வர்ற செட்டுல ஸ்பீக்கர் மைனஸ் எர்த் கிடையாது, ரெண்டு முனையிலயும் 6 வோல்ட் பக்கம் நிக்கும். ஒண்ணு பாடியில உரசினாலும் ஆம்ப் தன்னைக் காப்பாத்திக்க நாலு ஸ்பீக்கரையும் ஊமையாக்கிரும். உடனே ‘ஐசி அவுட்’டு, செட்டோட சிப் போச்சுன்னு பில்லு! பத்து நிமிஷ வேலைய்யா இது.

வயர் பெரும்பாலும் அறுறது கதவுக்கும் பில்லருக்கும் நடுவுல இருக்கிற ரப்பர் உறைக்குள்ளதான். உறையை உருவிப் பார்த்தா வயர் அறாத மாதிரிதான் தெரியும். மேல்தோல் அப்படியே இருக்கும், உள்ள செம்பு அறுந்திருக்கும். லேசா இழுங்க, அந்த இடம் மட்டும் ரப்பராட்டம் நீளும். மீட்டரை மாட்டிவச்சுக் கதவைத் திறந்து மூடினா ரீடிங் குதிக்கும்.

நம்ம ஊர் வெயிலுக்கு இன்னொரு வினை, இன்சுலேஷன் டேப். வயரை முறுக்கி டேப் சுத்தி டேஷ்போர்டுக்குள்ள திணிச்சிடுறாங்க. சித்திரை வெயில்ல நிக்கிற வண்டிக்குள்ள பசை இளகி டேப் நழுவுது, செம்பு போய் இரும்பு பிராக்கெட்ல உட்காருது. ஜாயின்ட்டைத் தொட்டா விரல்ல பிசுபிசுன்னு ஒட்டும், அப்பவே தெரிஞ்சுக்கலாம். ஈயம் வச்சு ஹீட் ஷ்ரிங்க் (சூடு காட்டினா சுருங்கி இறுக்குற குழாய்) போட என்ன கேடு?

‘யு’ (U) கோட் வந்தா, அதாவது வண்டியோட கம்ப்யூட்டர் பெட்டிகளுக்குள்ள பேச்சுவார்த்தை அறுந்துருச்சுன்னு வந்தா, பேட்டரியை முதல்ல பாருங்க. சும்மா நிக்கிறப்போ 12.6 வோல்ட் இருக்கணும். செல்ஃப் அடிக்கிறப்போ ரொம்ப இறங்கினா சம்பந்தமில்லாத கோடெல்லாம் பதிவாகும். செட்டு ஓடுறப்போ அதோட எர்த் வயருக்கும் பேட்டரி மைனஸுக்கும் நடுவுல 0.1 வோல்ட்டுக்கு மேல வந்தா எர்த் போல்ட்டைச் சுரண்டி முறுக்குங்க. சின்ன ப்ளூடூத் ஸ்கேனரை நம்பாதீங்க, அது பெரும்பாலும் இன்ஜின் கோட் மட்டும்தான் படிக்கும்.

இதுல ஒண்ணுகூடப் பார்க்காம புது செட்டை மாட்டிவிடுறாங்க. ரெண்டாம் நாளே அதே கோட் திரும்ப வருது. வராம எங்கிட்டுப் போகும்? அறுந்த வயர் கதவுலயேதான கிடக்கு!