சுவரில் கைபட்ட இடம்

நேற்று சிங்கப்பூரின் தேக்காவில் காபி குடித்துக்கொண்டிருந்தபோது, பலதுறைத் தொழிற்கல்லூரியில் படிக்கும் தம்பி ஒருவர் கேட்டார்: “அக்கா, உங்கள் வேலை படப்பிடிப்புக்கு செட் போடுவதுதானே?” அங்கேயே பதில் சொன்னேன். வீடு வந்த பிறகும் மனம் ஆறவில்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

செட் போடுவது வேலையின் கடைசிப் பகுதி. கதை கைக்கு வந்ததும் அந்த வீட்டு மனிதர்களைப் பற்றித்தான் முதலில் யோசிக்க வேண்டும். எத்தனை பேர்? கடன் இருக்கிறதா? காலையில் விளக்கேற்றுவது யார்? இதெல்லாம் தெரிந்த பிறகே சுவரின் நிறமும் நாற்காலியின் உயரமும். வெளிச்சம் எந்தப் பக்கம் இருந்து வரும், எந்தச் சுவரைக் கழற்றினால் கேமரா உள்ளே நுழையும் என்பதையும் வரைபடத்திலேயே முடிவு செய்துவிட வேண்டும். இப்படி இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து படத்தின் மொத்தத் தோற்றத்துக்கும் பொறுப்பேற்பவர்தான் தயாரிப்பு வடிவமைப்பாளர். 1939இல் வந்த ‘கான் வித் த விண்ட்’ படத்தில் வில்லியம் கேமரன் மென்சீஸுக்கு இந்தப் பெயர் கிடைத்தது. ஆஸ்கார் விருதுப் பிரிவின் பெயர் இப்படி மாறியதோ 2012இல்தான்! தமிழ்ப் படங்களில் பெரும்பாலும் இந்தச் சுமை முழுவதையும் கலை இயக்குநரே சுமக்கிறார்.

‘நாயகன்’ (1987) படத்தில் நாம் பார்த்த மும்பைத் தாராவியின் பெரும்பகுதி, சென்னை ஸ்டூடியோவில் கலை இயக்குநர் தோட்டா தரணி எழுப்பியது. அதற்கு தேசிய விருதும் பெற்றார். அந்தப் படத்தின் பாடல்களை வரி பிசகாமல் பாடுகிறவர்கள் பலருக்கு அவர் பெயர் தெரியவில்லை. எனக்கு அது பெரிய வருத்தம்.

ஒட்டுப்பலகையில் எழுப்பிய புதுச் சுவரை எப்படி நாற்பது வயதாக்குவது? பெயிண்ட் காய்ந்ததும் உப்புத்தாளால் தேய்ப்போம். பிறகு நீர்த்த பழுப்பு நிறத்தைத் தெளித்து, ஈரத்துணியால் ஒற்றியெடுப்போம். அதற்கு மேல்தான் கண் வேண்டும். விளக்கு சுவிட்சைச் சுற்றி விரல் பட்ட கறுப்பு. நாற்காலி முதுகு உரசிய கோடு. சாமி மாடத்துக்கு மேலே விளக்குப் புகை. நாட்காட்டியை நான் எப்போதும் இரண்டு அங்குலம் தள்ளித்தான் மாட்டுவேன்; அது முன்பு தொங்கிய இடத்தில் நிறம் மங்காத ஒரு கீற்று தெரிய வேண்டும். பார்ப்பவர் அதைக் கவனிக்கமாட்டார். ஆனால், அங்கே ஒரு குடும்பம் வாழ்ந்திருக்கிறது என்று நம்பிவிடுவார்.

சில ஆண்டுகளுக்கு முன், 1984இல் நடக்கும் ஒரு தமிழ்த் தொடருக்கு வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீடு ஒன்றை அமைத்தோம். மற்ற வேலைகள் போக மிஞ்சிய ஒரே ஒரு நாளைத்தான் கலைப் பிரிவுக்குக் கொடுத்தார்கள். சுவர் பளபளத்தது. தொலைக்காட்சியில் பார்த்த அம்மா, “யாரும் குடிவராத வீடு போல இருக்கிறதே” என்றார். இன்றுவரை அந்தச் சொல் என்னை உறுத்துகிறது. நடிகர் எவ்வளவுதான் உருகி அழுதாலும், பின்னால் இருக்கும் சுவர் பொய் சொன்னால் அந்த அழுகையும் பொய்யாகிவிடும். தயாரிப்பாளர்களே, நாள் கணக்குப் போடும்போது எங்களைக் கடைசியில் வைக்காதீர்கள்.

சிங்கப்பூரில் இந்த வேலை இன்னும் கடினம். இங்கே பழையது நிற்பதில்லை. கேன் திரைப்பட விழாவில் விருது வாங்கிய சிங்கப்பூர்ப் படம் ‘இலோ இலோ’ 2013இல் வந்தது; கதை நடப்பது 1997இல். இடையில் பதினாறே ஆண்டுகள், அதுவே இந்த ஊரில் வேறொரு காலம்! எனாமல் குவளை, சுழற்றும் தொலைபேசி, பழைய பிளக் என்று நான் தேடிப் பொறுக்கிய சுங்கை ரோடு பழைய பொருள் சந்தையும் 2017 ஜூலை 10ஆம் தேதியோடு மூடப்பட்டது. அன்று வாங்கிய ஒரு மண்ணெண்ணெய் அடுப்பை இன்னும் துணி சுற்றி வைத்திருக்கிறேன்.

வீட்டைப் புதுப்பிக்கப் போகிறீர்களா? பழைய மொசைக் தரையோ, கண்ணாடிப் பட்டைகள் அடுக்கிய ஜன்னலோ இருந்தால், உடைப்பதற்கு முன் எனக்கு ஒரு செய்தி அனுப்புங்கள். அளவு நாடாவோடு வருவேன், அரை மணி நேரம் போதும். நாடாவின் மறுமுனையைப் பிடிக்க அந்தத் தம்பியையும் அழைத்து வருகிறேன்.