தனியாகச் சாப்பிட்டால் பாவமா?

அந்தப் படம் இந்நேரம் உங்களில் பாதிப் பேருக்கு வந்திருக்கும். டிபன் கடையில் நான் தனியாக உட்கார்ந்திருக்கிறேன். எடுத்துக் குடும்பக் குழுவில் போட்டவர் எனக்கு அண்ணன் முறை. ‘பாவம், யாருமில்லை’ என்று எழுதி, அழுகிற பொம்மை வேறு. அக்கறைக்கு நன்றி அண்ணே. உள்ளே வந்து ஒரு வார்த்தை பேசியிருக்கலாம்.

அப்போது நான் வெள்ளைப் பணியாரம் வேகுவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு கரண்டி மாவு எண்ணெயில் விழுந்து, அடியில் கிடந்து, உப்பி மேலே வருகிறது. ஓரம் மொறுமொறுவென்று விரிய வேண்டும், சிவந்துவிடக் கூடாது. மாஸ்டர் அதைத் திருப்புகிற நொடி எனக்குப் பிடிக்கும். துணைக்கு ஆள் இருந்தால் பேச்சில் அது தப்பிவிடும். இதில் பாவம் எங்கே வந்தது?

காரைக்குடி செக்காலையில் ஒரு மாடியில் வாடகைக்கு இருக்கிறேன். வேலை விட்டு வந்து ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் காலை நீட்டினால், உள்ளங்கால் வழியாகக் குளிர்ச்சி ஏறும். யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். அந்த அரை மணி நேரம் எனக்கு வேண்டும். திரும்பவும் சொல்கிறேன்: தனியாக இருக்கிறேன், கைவிடப்பட்டுக் கிடக்கவில்லை.

‘கூடி வாழ்வதுதான் செட்டிநாட்டு வழக்கம்’ என்று ஒருவர் வருவார். கல்யாணமான மகனை அதே வீட்டுக்குள் தனிக் குடித்தனமாக வேறு வைத்து, தனி அடுப்பு கொடுத்த ஊர் ஐயா இது. பர்மாவுக்கும் மலாயாவுக்கும் கொண்டுவிக்க, அதாவது தொழில் பார்க்க, போனவர்கள் மூன்று வருடக் கணக்கு முடியும்வரை பெண்டு பிள்ளை இல்லாமல் கிட்டங்கியில், தொழிலும் தங்கலும் ஒன்றாக நடந்த கட்டடத்தில், கிடந்தார்கள். அவர்களைப் பார்த்து யாரும் உச்சுக் கொட்டவில்லை, சம்பாத்தியம் என்றார்கள். இங்கே காத்திருந்த அப்பத்தாக்களைப் பற்றியும் யாரும்... சரி, அது வேறு கதை.

பாதுகாப்பா? நியாயமான கேள்வி. இரண்டு பூட்டுப் போடுகிறேன்.

‘வயதானால் யார் பார்ப்பார்கள்?’ இதுதான் பெரிய கேள்வியாம். போன ஆடியில் காய்ச்சலில் கிடந்தபோது, கேட்காமலே ரசம் கொண்டுவந்து வைத்தவர் கீழ் வீட்டு ஆச்சி. குழுவில் இருக்கும் சொந்தம் ஒன்றும் எட்டிப் பார்க்கவில்லை. நம் பக்கத்தில் எத்தனை பெரிய வீடுகள் முன்னோருக்குப் படைக்கும் படைப்புக்கும் கல்யாணத்துக்கும் மட்டும் திறக்கின்றன! திறந்திருக்கும் வீடுகளில் பல, பிள்ளைகள் வெளிநாட்டில், அம்மா மட்டும் டிவி முன்னால். உங்கள் வீடும் அப்படித்தானே அண்ணே? பெரியம்மாவோடு ஞாயிற்றுக்கிழமைகளில் நான் பேசுகிறேன். நீங்கள் கடைசியாக எப்போது பேசினீர்கள் என்று அவரே சொன்னார். அதை இங்கே எழுத மாட்டேன்.